பூண்டு கருகின ஞாயித்துக்கிழமை

அன்புள்ள சின்னவனுக்கு அம்மா எழுதறது. வழக்கமா இந்த இடத்துல, இங்க எல்லாரும் சௌக்கியம், உன் சௌக்கியத்தை எழுதுன்னு ஒரு வரி போட்டுட்டு மேல போயிடுவேன். அப்பாவுக்குக் காய்ச்சல் வந்து போனதுலேருந்து அந்த வரிகிட்ட வரும்போதெல்லாம் என் பேனா கொஞ்சம் திக்கும், இன்னிக்கு திக்கல. சௌக்கியமா இருக்கோம்டா, நிஜமாவே சௌக்கியமா இருக்கோம், நீயும் அங்க வேளாவேளைக்குச் சாப்பிட்டு, குளிர்ல காதை மூடிக்கிட்டு நல்லா இருக்கணும். இதைப் போன்ல சொல்லாம ஏன் எழுதறேன்னு கேப்ப. போன்ல சொன்னா உங்கப்பா பக்கத்துலயே நின்னுக்கிட்டு அப்படி இல்ல இப்படின்னு வரிக்கு வரி திருத்துவார், உங்கக்கா நடுவுல பூந்து அவ கதையை ஆரம்பிப்பா, நான் சொல்ல வந்தது தொண்டையிலயே நிக்கும். அதான் தையல் மெஷின் மேல கிடந்த பேன்ட்டை எல்லாம் ஓரமாத் தள்ளிட்டு உக்காந்துட்டேன். யாரோட பேன்ட்டோ, நாளைக்கு வாங்கிக்கட்டும்.

முதல்ல உன்கிட்ட மறைச்ச ஒண்ணைச் சொல்லிடறேன், கோவிச்சுக்காத. காய்ச்சலுக்கு அப்புறம் அப்பாவுக்கு வாசனை போயிடுச்சு, வாயில ருசி இல்ல, அது உனக்குத் தெரியும். அது அவர் வேலைக்கே உலை வச்ச கதை உனக்குத் தெரியாது. பேக்கரியில அடுப்பு முன்னாடி நிக்கிற மனுஷனுக்கு மூக்குதானேடா எல்லாம். ரொட்டி வெந்துடுச்சா, இன்னும் பச்சை மாவு வாசனை அடிக்குதா, மேல் பக்கம் தீயப் பாக்குதான்னு கண்ணு பாக்கிறதுக்கு முன்னாடி அவர் மூக்கு சொல்லிடும். அது போனதும் கடிகாரத்தைப் பார்த்துப் பார்த்து வேலை செஞ்சிருக்கார். கடிகாரத்துக்கு என்ன தெரியும், ஒரு நாள் மாவு ஈரமா இருக்கும், ஒரு நாள் இறுகி இருக்கும். ரெண்டு தடவை ஒரு அடுப்பு ரொட்டி அப்படியே கரியாப் போச்சாம். முதலாளி ஒரு வார்த்தை திட்டல, அதுதான் உங்கப்பாவுக்குத் தாங்கல. இந்த மாசக் கடைசியோட நின்னுக்கறேன்னு அவரே போய்ச் சொல்லிட்டு வந்துட்டார். முதலாளி யோசிச்சுச் சொல்லுங்கன்னாராம், இவர் யோசிச்சாச்சுன்னாராம். சின்னவனுக்குத் தெரிய வேண்டாம், தனியா கிடந்து கவலைப்படுவான்னு என்கிட்ட சத்தியம் வாங்காத குறைதான். நானும் வாயைத் தச்சுக்கிட்டேன், என்னால முடிஞ்சதே ஆச்சரியம். வீட்லயும் அதே கதிதான். நம்ம சமையல்கட்டுல கடிகாரம் கிடையாதே, நான் பாட்டுக்கு எதையாவது அடுப்புல வச்சுட்டு மெஷின்ல உக்காந்துடுவேன், முன் ரூம்லேருந்து அவர் குரல் வரும், பால் பொங்கப் போகுது, வெங்காயம் சிவந்துடுச்சு, இறக்குன்னு, நான் வரேன் வரேன்னு எழுந்து போவேன். கல்யாணம் ஆன நாள்லேருந்து எனக்குக் கடிகாரம் அவர் மூக்குதான். இப்ப அந்தக் குரல் வரதில்லையா, வாரத்துல பாதி நாள் அடிப்பிடிச்ச பாத்திரம்தான். அவர் பார்த்தா மனசு கஷ்டப்படுமேன்னு அவர் குளிக்கப் போற சமயம் பார்த்து தேய்ச்சுக் கவுத்துடுவேன். அவரும் தட்டுல இருக்கிறதைக் கடனேன்னு முழுங்கிட்டு எழுந்துடுவார். சட்டையெல்லாம் தொளதொளன்னு ஆயி, நான்தான் உள்ளே தள்ளித் தைக்கிறேன்.

அப்பத்தான் நீ சொன்ன, ருசி தெரியாட்டி என்னம்மா, மொறுமொறுப்பு பல்லுக்குத் தெரியுமில்ல, ஓவன்ல உருளைக்கிழங்கு செஞ்சு குடுத்துப் பாருன்னு. வெந்நீர் வைக்கச் சொன்னா அடுப்பு எங்கன்னு கேக்கிற பய எனக்குச் சமையல் சொல்லித் தர்றான், காலம் கெட்டுப்போச்சுன்னு நினைச்சேன். ஆனாலும் ஞாயித்துக்கிழமை அக்காவும் மாப்பிள்ளையும் சாப்பிட வரதா இருந்தது, சோறும் கோழியும் ஆக்கி, தொட்டுக்க இதைச் செஞ்சா என்னன்னு துணிஞ்சுட்டேன். நீ போன தடவை வாங்கி வச்சுட்டுப் போன ஓவன்ல இத்தனை நாளா தட்டும் மூடியும்தான் குடியிருந்துச்சு. நாள் முழுக்க அடுப்பு முன்னாடி வேகறவனுக்கு வீட்லயும் ஒண்ணான்னு உங்கப்பா அதை ஏறெடுத்தும் பார்த்ததில்ல. எல்லாத்தையும் காலி பண்ணி, துடைச்சு, நீ சொன்ன மாதிரியே செஞ்சேன். கிழங்கைத் தோல் சீவி, பெரிய பெரிய துண்டாப் போட்டு, உப்புத் தண்ணியில அரை வேக்காடா எடுத்து, தண்ணியை ஒட்ட வடிச்சு, ஆவி போகவிட்டு, மூடி போட்டுக் குலுக்கு குலுக்குன்னு குலுக்கணும்னியே, அதை மாப்பிள்ளை நான் செய்யறேன் அத்தைன்னு வாங்கிக்கிட்டார். நல்ல மனுஷன், ஆனா எதைச் செஞ்சாலும் ஒரு படி கூடத்தான். மூடி பறந்து போய் விழுந்துச்சு, ரெண்டு கிழங்கு ஜன்னல் வழியாத் தெருவுக்கே போயிடுச்சு. மிச்சம் இருந்தது ஓரமெல்லாம் உதிர்ந்து, மாவு பூசின மாதிரி அழகா வந்துச்சுடா. தட்டுல எண்ணெயை முதல்லயே காயவச்சு, மிளகுத்தூள், மிளகாய்த்தூள், நீ அனுப்பின அந்தப் பேர் வாயில நுழையாத காஞ்ச இலை எல்லாம் பிசறி, ஒண்ணு மேல ஒண்ணு ஏறாம பரப்பினேனா, சொய்ங்னு ஒரு சத்தம் வந்துச்சு பாரு, எனக்கே நாக்குல தண்ணி ஊறிடுச்சு.

இப்ப நான் செஞ்ச கூத்தைக் கேளு. பூண்டைக் கடைசியில போடுன்னு நீ படிச்சுப் படிச்சுச் சொன்ன. எண்ணெய் காஞ்சா பூண்டைப் போடாம என் கை நிக்குமாடா? கை தன்னால போயிடுச்சு. பொடியா நறுக்கின பூண்டு ஒரு கை நிறைய, முதல்லயே போட்டு, கதவைச் சாத்திட்டேன். சாத்தினப்புறம்தான் நீ சொன்னது ஞாபகம் வந்தது. சரி, பூண்டுக்கு என்ன தெரியப் போகுது, இது அடுப்பா ஓவனான்னு, அப்படின்னு விட்டுட்டேன். மழை தூறப் பாக்குதுன்னு அக்கா கூப்பிட, பின்னாடி கொடியில இருந்த துணியை எடுக்கப் போனோம். அவ வேலை செய்யற இடத்துல புதுசா வந்த மேலாளர் அம்மா படுத்தற பாட்டை எல்லாம் சொல்ல ஆரம்பிச்சா, நானும் போர்வையை மடிச்சுக்கிட்டே ஆ ஊன்னு கேட்டுக்கிட்டு நிக்கிறேன், ஓவன் ஒண்ணு இருக்கிறதே மறந்துபோச்சு. உள்ளேருந்து உங்கப்பா குரல், பூண்டு கருகுது, போய்ப் பாருன்னு. நான் தெரியுது தெரியுது வரேன்னு கத்திக்கிட்டே போனேன், கதவைத் திறந்தேன், கப்புன்னு கரிஞ்ச பூண்டு வாசனை, தட்டை வெளிய இழுத்து, கரண்டியால கருப்பை எல்லாம் பொறுக்கி எறிஞ்சு, கிழங்கைப் புரட்டிப் போட்டு, மறுபடி உள்ளே தள்ளிட்டேன். அவரும் பேப்பரைப் புரட்டிக்கிட்டு இருக்கார். யாருக்கும் ஒண்ணும் தோணலடா! பழக்கதோஷம் அப்படி. கையைத் துடைக்கத் துணியை எடுத்தேன் பாரு, அப்பத்தான் எனக்குப் பொட்டுல அடிச்ச மாதிரி ஆச்சு. என்னங்க, இப்ப என்ன சொன்னீங்கன்னு போட்டேன் ஒரு சத்தம். அவர் நான் சண்டைக்கு வரேன்னு நினைச்சுட்டார் போல. பூண்டு கருகுதுன்னு சொன்னேன், அதுக்கு ஏன் இந்தக் கத்து கத்துறன்னு சொல்லிக்கிட்டே வந்தவர், சொல்லும்போதே பாதியில வாய் நின்னுபோச்சு. மூஞ்சியைப் பாக்கணுமே. எனக்கு எப்படித் தெரிஞ்சுதுன்னு என்னையே கேக்கறார்.

அப்புறம் வீடு ஒரு வழியாச்சு. உங்கப்பா தட்டை மறுபடி வெளிய எடுக்கச் சொல்லி, கண்ணாடியில ஆவி படிய அது மேலயே குனிஞ்சு நின்னு, கரிஞ்ச வாசனை அடிக்குது, கரிஞ்ச வாசனை அடிக்குதுன்னு, ஏதோ பரிசு விழுந்த மாதிரி சொல்றார். நான் சமைச்சதை ஒருத்தர் கருகிப்போச்சுன்னு சொல்லி நான் இவ்வளவு சந்தோஷப்பட்ட நாள் கிடையாது. காபித்தூள் டப்பாவைத் திறந்து மோந்து பார்த்தார், தெரியுதுன்னார். மாப்பிள்ளை ஓடிப்போய் தன் ஷூவைக் கொண்டு வந்து நீட்டினார், தெரியுது தெரியுது, தயவுசெஞ்சு வெளிய வைங்கன்னார், அக்கா சிரிச்சு சிரிச்சுக் கீழயே உக்காந்துட்டா. சோப்பு, பூ, பவுடர் மாதிரி மெல்லிசா இருக்கிற வாசனை மட்டும் ஒண்ணும் தெரியல, ரெண்டு மூணு தடவை மோந்து பார்த்துட்டுத் தலையை ஆட்டினார். பரவாயில்ல, வந்தவரைக்கும் லாபம்னு சாப்பிட உக்காந்தோம். உருளைக்கிழங்கு வெளிய மொறுமொறுன்னு, உள்ளே வெண்ணெய் மாதிரி. அவர் கடிக்கிற சத்தம் எனக்கு எதிர்ல கேக்குது. நாலு துண்டு தின்னுட்டு, உப்பு கம்மி, காரம் சரி, பூண்டைக் கெடுத்துட்டன்னார். நான் முந்தானையால மூஞ்சியை மூடிக்கிட்டேன்.

இதெல்லாம் நேத்து. இன்னிக்குக் காலையில வழக்கத்தைவிட முன்னாடியே பேக்கரிக்குக் கிளம்பிட்டார். வீட்டுப் பூண்டு வேற, பேக்கரி ரொட்டி வேற, மோந்து பார்த்துட்டுத்தான் முதலாளிகிட்ட பேசுவேன், இல்லாட்டி சொன்ன சொல்லுதான்னுட்டுப் போனார். எனக்குக் கையும் ஓடல காலும் ஓடல. ஒரு பேன்ட்டுக்கு வலது கால் மட்டும் குட்டையாத் தச்சுட்டேன். சரி உனக்காவது எழுதுவோம்னு எடுத்தேன். நீ எப்படிடா இருக்க, இருமல் நின்னுச்சா, ராத்திரி தலையை ஈரமா வச்சுக்கிட்டுப் படுக்காத. ரூம்ல கூட இருக்கிற பையன் உன் தட்டையும் சேர்த்துக் கழுவறான்னு சொன்ன, எனக்கு வெக்கமா இருக்கு, அவன் கழுவினா நீ சமை. சரக்கு மூட்டை தூக்கற வேலையை ஒத்துக்காத, இடுப்பு வலி உங்கப்பாவுக்கு வந்த மாதிரியே வரும்.

இரு, கதவு சத்தம் கேக்குது, வந்துட்டார்.

சொல்லிடறேன்டா, சொல்லிடறேன். ரொட்டி மூணு அடுப்பு, கடிகாரத்தைச் சுவர் பக்கம் திருப்பி வைக்கச் சொல்லிட்டு, இப்ப எடுன்னு மூக்கை வச்சே சொல்லியிருக்கார், மூணும் பொன்னா வந்துச்சாம். இனிப்பு பன் மட்டும் அவருக்குப் பிடிபடல, கூட வேலை செய்யற ஒல்லிப் பையன் போதும் எடுங்கன்னு சொன்னானாம். அதையும் மறைக்காம முதலாளிகிட்டப் போய், ரொட்டி என்னால முடியும், இனிப்பு இன்னும் முடியலைன்னு உள்ளதை உள்ளபடி சொல்லிட்டார். முதலாளி, இனிப்பை ஒல்லி பாத்துக்கட்டும், நீங்க நின்னுக்கறேன்னு சொன்னது என் காதுலயே விழலைன்னுட்டாராம். நிக்கல, உங்கப்பா வேலையை விட்டு நிக்கல! எழுத்தெல்லாம் கோணக்கோணலா இருக்கும், அவசரத்துல எழுதறேன், அனுசரிச்சுப் படி. தோள்ல மாவோட நாற்காலிக்குப் பின்னாடி வந்து நின்னுக்கிட்டு, சின்னவனுக்கு என்ன எழுதறன்னு குனிஞ்சு எட்டிப் பாத்தார். நான் மறைச்சுக்கிட்டேன். குனிஞ்சவர் என் தலைகிட்ட மூக்கை உறிஞ்சினார். அப்புறம் தலைக்கு எண்ணெய் மாத்திட்டியான்னு கேட்டார். காய்ச்சல் சமயத்துலயே மாத்தினதுடா, பழசு கடையில வரதில்ல. ஆமாம்னு சொல்ல வந்தேன், அழுதுட்டேன். எதுக்கு அழறன்னு தெரியாம அந்த மனுஷன், இதுவும் நல்லாத்தான் இருக்கு, நல்லாத்தான் இருக்குன்னு சமாதானம் சொல்றார்.

நீ நோய்நொடி இல்லாம, நாலு பேர் மெச்ச, நூறு வயசு நல்லா இருக்கணும். அப்பா போன்ல இதையெல்லாம் திரும்பச் சொல்லுவார், ஒண்ணும் தெரியாத மாதிரி வாயைப் பொளந்துக்கிட்டுக் கேளு, நடுவுல சிரிச்சு என்னைக் காட்டிக் குடுத்துடாத. கண்ணாடியை மாத்தணும்னியே, இந்த வாரமே மாத்து.

இப்படிக்கு,
சந்தோஷத்துல தலைகால் புரியாம,
உன் அம்மா