விரிசல் மேல் ஒட்டிய கண்ணாடி

அக்டோபர் 14

மூன்றாம் வகுப்புக்குப் பாடம் நடத்தும்போது மேகம் ஒரு ஜன்னலால் வந்து, கரும்பலகையைத் தாண்டி, எதிர் ஜன்னலால் போனது. பிள்ளைகள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. நான்தான் வெண்கட்டியும் கையுமாக நின்றுவிட்டேன். இந்தத் தேயிலைத் தோட்டத்துக்கு வந்து இரண்டு வருடம், இன்னும் இந்தப் புத்தி போகவில்லை.

பள்ளிக்கூடம் ஒரே நீள மண்டபம். கருங்கல் அடித்தளம், தகரக் கூரை, வாசலுக்கு மேலே 1924 என்று செதுக்கிய கல். வகுப்புகளுக்கு நடுவே சுவர் கிடையாது, கரும்பலகைகள்தான். ஐந்தாம் வகுப்பு வாய்ப்பாடு சொன்னால் முதலாம் வகுப்பும் சேர்ந்து தலையாட்டும். இந்தக் கட்டடத்தின் மேல் எனக்கு ஆசை. வெளியே சொன்னால் சிரிப்பார்கள்.

அக்டோபர் 22

மேட்டுப் பக்கச் சுவரின் விரிசலைப் பார்க்கப் பதுளையிலிருந்து ரஜீவ் என்ற பொறியியலாளர் வந்தார். விரிசலின் குறுக்கே மூன்று கண்ணாடித் துண்டுகளைச் சீமெந்தால் ஒட்டினார்.

“சுவர் நகர்ந்தா கண்ணாடி உடையும், டீச்சர். தினமும் பாத்து எழுதி வைங்க.”

உடைந்தால் என்ன செய்வதென்று கேட்டேன்.

“பிள்ளைங்க உள்ள இருக்கக்கூடாது.”

நாற்பத்தொரு பிள்ளைகள். அடுத்த பள்ளிக்கூடம் ஐந்து கிலோமீட்டர், காட்டுப் பாதை. பாதிப் பேர் நின்றுவிடுவார்கள்.

அக்டோபர் 29

மூன்று கண்ணாடியும் நலம்.

நவம்பர் 4

நடுக் கண்ணாடி உடைந்திருக்கிறது. நாலு நாளாக மழை.

பள்ளி அதிபர் ஜெயராசா சேர் வெகுநேரம் அதையே பார்த்தார். “பந்து பட்டுச்சுன்னு எழுதுங்க டீச்சர். ஒருக்கா பள்ளிக்கூடத்த மூடினா திரும்பத் தொறக்கவே மாட்டாங்க.”

எழுதிவிட்டேன்.

நவம்பர் 6

பிள்ளைகள்தான் கண்ணாடியை உடைத்தார்கள் என்று சேர் பந்தை அலுமாரியில் வைத்துப் பூட்டிவிட்டார். ஐந்தாம் வகுப்பு விதுஷா என் மேசைக்கு வந்தாள்.

“டீச்சர், நாங்க அந்தப் பக்கமே போறதில்லையே. நீங்கதானே போகவேணாம்னு சொன்னீங்க.”

போய் உட்காரச் சொன்னேன். முகத்தைப் பார்க்க முடியவில்லை.

நவம்பர் 7

விடியற்காலைக் கனவு. பள்ளிக்கூடம் மேகத்தின் மேல் கப்பல் மாதிரி மெதுவாகப் போகிறது. கரும்பலகைகள் ஆடுகின்றன, பிள்ளைகள் வாய்ப்பாடு சொல்கிறார்கள் — எவ்வளவு அழகு! விழித்ததும்தான் உறைத்தது. அது நகர்ந்துச்சே... எல்லாரும் உள்ளதானே இருந்தாங்க!

ரஜீவுக்குப் போன் எடுத்தேன். “சேர், பந்து படல. பொய் எழுதிட்டேன்.”

அவர் உடனே சொன்னார், “இன்னைக்கே பிள்ளைங்கள வெளிய எடுங்க.”

பிறகு அலுமாரிச் சாவியை வாங்கிப் பந்தை விதுஷாவிடம் கொடுத்தேன். தப்பு என்னுடையது என்றும் சொன்னேன்.

நவம்பர் 10

கீழே மாரியம்மன் கோயில் மண்டபத்தில் ஐந்து வகுப்பும். தைப்பொங்கல் வரைக்கும்தான் இடம். கரும்பலகைகளைப் பெற்றோர் தலையில் சுமந்து வந்தார்கள். இங்கே ஜன்னல் இல்லை, மேகம் வராது.

ஜெயராசா சேர் ஒன்றே ஒன்றுதான் சொன்னார். “பள்ளிக்கூடத்த மூடிட்டீங்க.” அதோடு பேச்சு நின்றது.

நவம்பர் 24

இரவெல்லாம் மழை. காலையில் மேலே போனேன். மண்டபம் இல்லை, அந்த இடத்தில் மேட்டிலிருந்து சரிந்த சிவப்பு மண். தோட்டத் தொழிலாளர் குடியிருக்கும் லயங்களுக்கு ஒன்றும் ஆகவில்லை. முன்வாசல் மட்டும் தனியாக நிற்கிறது, அதற்குள் மேகம் புகுந்து வெளியே வருகிறது. வாய்விட்டு அழுதேன்.

கோயிலுக்கு இறங்கி வந்தபோது சேர் என் கையிலிருந்த வரவு இடாப்பை வாங்கித் தானே பெயர் கூப்பிட்டார். கடைசிப் பெயர் வரை போய், மறுபடி முதலிலிருந்து கூப்பிட்டார். இரண்டு தடவையும் நாற்பத்தொரு பேரும் பதில் சொன்னார்கள்.