பத்திரிகையில் ஒறம்பரை

1985 ஏப்ரல் 12, மாரண்டஹள்ளி

சென்னையில் புது அகராதி போடுகிறவர்களிடமிருந்து பதில் வந்துவிட்டது. நான் அனுப்பிய சொற்களில் ‘ஒறம்பரை’யைத் திருப்பிவிட்டார்கள். அச்சில் வந்த சான்று வேண்டுமாம். வீட்டுக்கு வந்து தங்கிச் சாப்பிட்டுப் போகும் சொந்தக்காரர்களை எங்கள் பக்கத்தில் வேறு எப்படிச் சொல்கிறார்களாம்? பேசுகிற வாய்க்கு மதிப்பில்லை, மைக்குத்தான் மதிப்பு. சரி, மைதானே? தடவிவிடலாம்.

ஏப்ரல் 21

என் கல்யாணப் பத்திரிகையைவிட நல்ல அச்சு எது? “ஒறம்பரை எல்லாரும் முதல் நாளே வந்துவிட வேண்டும்” என்று அப்பா பெயரில் எழுதிக் கொடுத்தேன். அச்சகத்துக் குப்புராஜ் அண்ணன் தலையைச் சொறிந்தார். “டீச்சரே இப்படி எழுதலாமாம்மா? சுற்றத்தார்னு போட்டுடறேன்.”

“எழுதினபடியே அடிங்கண்ணே.”

அடித்தார். ஒரு பத்திரிகை சென்னைக்கும் போயிற்று.

மே 8

மொரப்பூரிலிருந்து மாப்பிள்ளையின் அப்பா வந்தார். யாகப்பன் ஐயா, ரிட்டயரான தமிழ் வாத்தியார். கையில் பத்திரிகை, அந்தச் சொல்லைச் சுற்றிச் சிவப்பு மை.

“படிச்ச பொண்ணுன்னாங்க. கொச்சையா அடிச்சு ஊருக்கெல்லாம் குடுத்திருக்கீங்க. எங்கிட்டப் படிச்ச பசங்களே சிரிக்கறாங்க. வேற அடிங்க. இல்லன்னா இந்தக் கல்யாணத்துக்கு நான் வரமாட்டேங்க.”

காப்பியைத் தொடாமல் போய்விட்டார். அம்மா அழுதாள். “ஒரு வார்த்தைக்காக வாழ்க்கையக் கெடுத்துக்குவியாடி?”

கெடுமா? மாப்பிள்ளை சின்னப்பராஜ் என்ன நினைப்பார்? பயமாத்தான் இருக்கு. ஆனா எதுக்கு மாத்தணும்? இது கொச்சைன்னா இதைப் பேசற எங்கம்மா யாரு?

மே 9

மாற்றமாட்டேன்.

மே 17

சின்னப்பராஜிடமிருந்து கார்டு. “பத்திரிகை எனக்குப் பிடித்திருக்கிறது. அப்பா வருவார். பந்தியில் மட்டும் எங்கள் சனத்தைக் காக்க வைத்துவிடாதே, தாங்கமாட்டார்.” இந்த ஆளை நம்பலாம்.

மே 30

நேற்றுக் கல்யாணம் முடிந்தது. கோவிலில் மாமனார் எனக்கு முகமே கொடுக்கவில்லை. அப்புறம் சாப்பாடு. எத்தனை சொல்லியும் உள்ளூர்க்காரர்கள் முதல் பந்தியில் இடம் பிடித்துவிட்டார்கள். மொரப்பூர்ச் சனம் வெயிலில் நின்றது. மாமனாருக்கு வந்ததே கோபம்!

“யோவ், எந்திரிங்கப்பா! மொதல்ல ஒறம்பரைய ஒக்கார வைங்க!”

சொன்ன பிறகுதான் அவருக்கே உறைத்தது. என்னைப் பார்த்தார். நான் மாலையைச் சரிசெய்துகொண்டேன். பக்கத்தில் சின்னப்பராஜ் இருமுவதுபோலச் சிரித்தார்.

நவம்பர் 3, மொரப்பூர்

சரிபார்த்து அனுப்பச் சொல்லிச் சென்னையிலிருந்து ஒரு தாள். ஒறம்பரை உள்ளே வந்துவிட்டது! சான்றாக எங்கள் பத்திரிகை வரியே இருக்கிறது. ஆனால் சொல்லுக்குப் பக்கத்தில் அடைப்புக்குள் ‘கொச்சை’ என்று போட்டிருக்கிறார்கள்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. என்ன எழுதலாம் என்று யோசிப்பதற்குள் மாமனார் தாளை வாங்கிப் படித்தார். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் படித்தார்.

“நம்ம வூட்டுக் கல்யாணப் பத்திரிகையவா கொச்சைங்கறாங்க? அந்தச் செவப்புப் பேனாவ எடும்மா.”