நீங்கள் நிறுத்தி வைத்துவிட்டுப் போன ஆட்டம்

என்னங்க,

உங்கள் போனின் ரப்பர் உறையை இன்றைக்கும் கழற்றினேன். உள்பக்கத்தில் அந்த மெஷின் கூலன்ட் எண்ணெய் வாசனை இன்னும் போகவில்லை. போசரி கம்பெனி ஷெட்டிலிருந்து வந்தால் சோப்புப் போட்டுக் கை கழுவாமல் போனை எடுக்காதீர்கள் என்று எத்தனை தரம் கத்தியிருப்பேன். கேட்டீர்களா? எண்ணெய் இறங்கி இறங்கி உறையே மஞ்சளாகிக் கிடக்கிறது. தூக்கிப் போடத்தான் கழற்றுகிறேன். கடைசியில் மூக்குப் பக்கம் கொண்டுபோய்விட்டு, திரும்பவும் மாட்டிவிடுகிறேன்.

ஆனால் இதை எழுத உட்கார்ந்தது வாசனைக்காக இல்லை. எனக்கு உங்கள் மேல் கோபம். ஒரு மனுஷன் ஆட்டம் ஆடினால் ஆடி முடிக்க வேண்டும். ஐந்தாம் நாள், கடைசி விக்கெட், இன்னும் ஒரு மணி நேர ஆட்டம் பாக்கி. அந்த நேரம் பார்த்து நிறுத்தி வைத்துவிட்டு, சார்ஜ் இல்லை என்று போனை வயரில் சொருகிவிட்டு, "பஸ் வந்துட்டுளா, சாய்ங்காலம் வந்து பாத்துக்கிடுதேன்" என்று படியிறங்கிப் போகிறவரை என்னவென்று சொல்வது?

கம்பெனி கேட்டில் கார்டைக் காட்டிவிட்டு நாலடி நடப்பதற்குள் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தீர்களாம். உங்களோடு வேலை பார்த்தவர்கள் எல்லாரும் சுற்றி நின்றார்களாம். எனக்குத் தகவல் வந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. நான் நிக்டியில், நம் வீட்டு அடுக்களையில், புளி கரைத்துக்கொண்டிருந்தேன்.

அந்த ஆட்டத்தால் நமக்குள் வந்த சண்டை கொஞ்சமா? ஊரே போனில் சிக்ஸர் அடித்து ஐந்து நிமிஷத்தில் முடிக்கும். நீங்கள் மட்டும் நிஜ கிரிக்கெட் எப்படி நடக்குமோ அப்படியே நடக்கிற ஒன்றைத் தேடிப் பிடித்து வைத்திருந்தீர்கள். ஐந்து நாள் டெஸ்ட். நாளாக ஆகப் பிட்ச்சில் விரிசல் விடும். பந்து பழசானால் உள்ளே வளையும். சாயங்காலமானால் ஆட்டக்காரர்களின் நிழல் நீளும், பந்து சரியாகத் தெரியாது. அதிலும் இருப்பதிலேயே கஷ்டமான லெவலில் வைத்துக்கொள்வீர்கள். தீபாவளிக்கு ஆரம்பித்த மேட்ச் பொங்கலுக்காவது முடியுமா என்று நான் கேட்டால், எழுந்து பால்கனிக்குப் போய்விடுவீர்கள்.

பெயர் வைத்த கூத்து இன்னொன்று. அதில் வருகிற ஆட்டக்காரர்களுக்கு வாயில் நுழையாத ஏதேதோ பெயர்கள் இருக்கும், நாமே மாற்றிக்கொள்ளலாம். மற்றவர்கள் என்றால் பெரிய பெரிய ஆட்டக்காரர்களின் பெயரைப் போடுவார்கள். நீங்கள் கம்பெனி பஸ் டிரைவரை ஓப்பனிங் இறக்கினீர்கள். நம் கட்டட வாட்ச்மேனைக் கீப்பர் ஆக்கினீர்கள். ஆறாவதாக உங்களைப் போட்டுக்கொண்டீர்கள். மட்டை பிடிக்கவே தெரியாத பதினோராவது ஆளுக்கு என் தம்பி முருகேசன் பெயர். அவன் அப்படி என்ன செய்துவிட்டான்? நம் கல்யாணத்தன்று மாப்பிள்ளை காரைத் தாமதமாகக் கொண்டுவந்தான், அவ்வளவுதானே. எதிரணியின் வேகப்பந்து வீச்சாளருக்கு உங்கள் மேனேஜர் பெயர், அக்கா மகள் கல்யாணத்துக்கு லீவு தர மாட்டேன் என்று சொன்ன அதே மேனேஜர். அவர் பந்து போட வந்தால் மட்டும் முதுகை நிமிர்த்தி உட்காருவீர்கள்.

பாதி நேரம் உங்கள் விரல் திரையிலேயே இருக்காது. பந்து வரும், போகும், நீங்கள் பார்த்துக்கொண்டிருப்பீர்கள். சும்மா உட்கார்ந்திருக்க எதற்குப் போன் என்று ஒருநாள் எரிச்சலில் கேட்டேன். "வெளிய போற பந்த விடணும்ளா. அடிக்கத விட விடுததுதான் கஷ்டம்" என்றீர்கள். நாலு வெண்டைக்காய் நறுக்கித் தரச் சொன்னால் அந்தப் பொறுமை எங்கே போகிறது என்று கேட்டேன்.

பதினாறாம் நாள் கும்பிடப் பெரிய படம் ஒன்று வேண்டும் என்றார்கள். அதைத் தேடித்தான் உங்கள் போனைத் திறந்தேன். விரல் தவறி ஆட்டத்தின் மேல் பட்டுவிட்டது. ஸ்கோர் வந்தது. உங்கள் பெயர், பக்கத்தில் அறுபத்தொன்று, அதை ஒட்டி ஒரு நட்சத்திரம். எனக்கு என்ன தெரியும்? கார்த்தியிடம் காட்டி இது என்னடா என்றேன். நம் பிள்ளை முகத்தைத் திருப்பிக்கொண்டான். நாட் அவுட் என்று அர்த்தமாம்.

அதற்குப் பிறகு தினமும் அடுப்பு வேலை முடிந்ததும் திறந்து பார்ப்பேன். எதையும் தொடமாட்டேன். ஹெல்மெட் போட்டுக்கொண்டு, மட்டையால் தரையைத் தட்டிக்கொண்டு, நீங்கள் நிற்பீர்கள். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு மூடிவிடுவேன். பைத்தியக்காரத்தனம் என்று எனக்கே தெரியும். இருந்தாலும் அப்படியே காலத்தை ஓட்டியிருப்பேன்.

அதற்கும் அந்த கேம் கம்பெனிக்காரர்கள் ஆப்பு வைத்தார்கள். புது வெர்ஷன் வருகிறதாம். மாதக் கடைசிக்கு மேல் பழையது திறக்காதாம். ஆடி முடித்த மேட்ச்களின் ஸ்கோர் மட்டும் புதியதில் பத்திரமாக இருக்குமாம், பாதியில் நிற்பதெல்லாம் அழிந்துபோகுமாம். கார்த்திதான் படித்துச் சொன்னான். யாரைக் கேட்டு இதையெல்லாம் செய்கிறார்கள்? அப்படியே விட்டால் உங்கள் அறுபத்தொன்றும் போய்விடும், நட்சத்திரமும் போய்விடும். ஆடி முடிக்கலாம் என்றால் ஆடுவது யார்?

வேலை பார்க்கிற கராடியிலிருந்து ஞாயிற்றுக்கிழமை வந்த கார்த்தி சோபாவில் சாய்ந்துகொண்டே வழி சொன்னான்.

"சிமுலேட்னு ஒரு பட்டன் இருக்கு மா. அமுக்கினா அதுவே ஆடி முடிச்சிடும்."

"அதுவா ஆடி அப்பாவ அவுட் ஆக்கிட்டுன்னா?"

"அப்போ அவுட். அம்மா, இது கேம்."

அவ்வளவுதான், பிடித்துக்கொண்டது. அவன் தமிழில் சண்டை போட வராமல் இந்திக்குப் போனான். நான் இந்தியில் பதில் சொல்ல வராமல் தமிழிலேயே நின்றேன். கடைசியில் சரி, நானே ஆடித் தருகிறேன் என்றான். முதலில் பிராக்டிஸில் ஆடிக் காட்டு என்றேன். வந்த முதல் பந்தையே தூக்கி அடித்தான், கேட்ச். அடுத்ததையும் தூக்கினான், அதுவும் கேட்ச். போனைப் பிடுங்கிக்கொண்டேன். உங்கள் பிள்ளைக்கு எல்லாம் இருபது ஓவரில் முடிந்துவிட வேண்டும். போகும்போது மட்டும் எந்த விரலை எங்கே வைப்பது, எப்போது தட்டுவது என்று பொறுமையாகச் சொல்லிக் கொடுத்துவிட்டுப் போனான். ஒவ்வொரு பந்தும் உடனுக்குடன் பதிவாகிவிடும், தப்பாகப் போனால் திரும்ப ஆட முடியாது என்றும் சொன்னான்.

அன்றிலிருந்து வலைப் பயிற்சி எனக்கு. காலையில் துணி உலர்த்திவிட்டு உட்காருவேன். சீக்கிரம் தட்டினால் கேட்ச். தாமதித்தால் போல்டு. சரியாகத் தட்டினேன் என்று நினைத்தால், மட்டையின் ஓரத்தில் பட்டு ஸ்லிப்பில் நிற்பவன் கைக்குப் போகும். இவ்வளவு நிஜமாக இருக்க வேண்டுமென்று யார் அழுதார்கள்? நான் என்ன லார்ட்ஸ் மைதானத்துக்கா போகப்போகிறேன்? கண்ணாடி நழுவும், கட்டைவிரல் மரத்துப் போகும், நான் வாய்விட்டுத் திட்டுவேன். பக்கத்து வீட்டு மராட்டி அம்மா, நாம் காக்கு என்று கூப்பிடுவோமே, அவர் இரண்டு தடவை வந்து, எல்லாம் சரியா என்று மராட்டியில் விசாரித்துவிட்டுப் போனார்.

ஒருநாள் பயிற்சி நடுவில் பால் பொங்கிவிட்டது. போனைப் போட்டுவிட்டு ஓடி, அடுப்பை அணைத்துவிட்டு வந்து பார்த்தால், நீங்கள் அவுட் ஆகாமல் நிற்கிறீர்கள். பந்து தன்பாட்டுக்குக் கீப்பரிடம் போயிருக்கிறது. தொடாவிட்டால் ஆட்டக்காரர் மட்டையைத் தூக்கிப் பந்தை விட்டுவிடுவார் என்பது அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. நீங்கள் பால்கனியில் சும்மா உட்கார்ந்திருந்த நேரமெல்லாம் இதைத்தான் செய்துகொண்டிருந்தீர்கள். தெரிந்ததும் கோபம் குறையும் என்றா நினைக்கிறீர்கள்? கூடியது. ஒருநாள், ஒரே ஒருநாள், பக்கத்தில் உட்கார வைத்துக் காட்டியிருக்கக் கூடாதா?

அப்புறம்தான் உங்கள் ஆட்டத்தைத் தொட்டேன். ஜெயிக்க வழியில்லை, கடைசிப் பந்துவரை இரண்டு பேரும் அவுட் ஆகாமல் நின்றால் டிரா. காலைக்கு ஒரு ஓவர், அதற்கு மேல் தாங்காது. வெளியே போவதை விட்டேன், ஸ்டம்புக்கு வருவதைத் தடுத்தேன். முருகேசன்தான் தலைவலி. அவன் கையில் மட்டை விளக்குமாறு மாதிரி ஆடும். ஓவரின் கடைசிப் பந்தில் ஒரு ரன் ஓடினால்தான் அடுத்த ஓவரும் உங்களுக்கு வரும். ஓட முடியாத நாளில் அவன் ஆட வேண்டும், நான் ஊர்க் குலசாமி எல்லாவற்றையும் கூப்பிட வேண்டும். எப்படியோ தாக்குப் பிடித்தான்.

இரண்டே ஓவர் பாக்கி என்றதும் கார்த்திக்குப் போன் செய்தேன். அவனும் மனதுக்குள் கணக்குப் போட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறான்.

"மாமா அவுட் ஆனா மேட்ச்தான் போகும் மா. அப்பா நாட் அவுட்தான். அப்பாவ அந்தப் பக்கமே நிக்க வை."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஆமாம், அதுதானே. கடைசிக்கு முந்தின ஓவர் உங்களுக்கு. அதன் கடைசிப் பந்தில் ஓடாமல் நின்றால், கடைசி ஓவர் முருகேசன் தலையில் விழும். போடுவது உங்கள் மேனேஜர். முருகேசன் எங்கே தாங்கப்போகிறான்? தோற்போம். தோற்றால் என்ன, நட்சத்திரம் இருக்குமே. புது வெர்ஷன் வந்தாலும், எத்தனை வெர்ஷன் வந்தாலும், நான் எப்போது திறந்து பார்த்தாலும் நீங்கள் அவுட் ஆகாமல் இருப்பீர்கள்.

அந்த ஓவரின் ஐந்து பந்தை விட்டும் தடுத்தும் முடித்துவிட்டு, கடைசிப் பந்துக்கு முன்னால் நிறுத்தி வைத்தேன். குக்கர் வைத்தேன். சாதம் வெந்தது. சாப்பிடப் பிடிக்கவில்லை. முருகேசனை வாய்க்கு வாய் கேலி செய்வீர்கள். ஆனால் அவன் இங்கே வந்து டெங்குவில் கிடந்தபோது, நாங்கள் பார்த்துக்கொள்கிறோம் என்று யார் சொல்லியும் கேட்காமல், ஆஸ்பத்திரி பெஞ்சை விட்டு எழுந்திரிக்காதவர் நீங்கள். மச்சினனை மேனேஜருக்கு முன்னால் தள்ளிவிட்டு மறுபக்கம் நின்று பார்க்கிற ஆளா? அதை நான் உங்களுக்குச் செய்தால் எந்த முகத்தோடு அந்தப் போனைத் திறப்பேன்?

போனை எடுத்தேன். பந்து வந்தது. மெல்லத் தட்டினேன். ஓடினீர்கள்.

கடைசி ஓவர். பால்கனிக் கதவில் சாய்ந்து தரையில் உட்கார்ந்துகொண்டேன். மேனேஜர் ஓடி வந்தார். முதல் பந்தை விட்டேன். அடுத்ததைத் தடுத்தேன். காக்கு வீட்டு மணியோ நம் வீட்டு மணியோ அடித்தது, எழுந்திரிக்கவில்லை. போன் கையில் கொதித்தது. அன்றைக்கு நான் பக்கத்தில் இல்லை, புளி கரைத்துக்கொண்டிருந்தேன். இந்தத் தடவை எங்கேயும் போகவில்லை. அடுத்த இரண்டையும் தடுத்தேன். இன்னும் இரண்டே பந்து.

ஐந்தாவது பந்து உள்ளே வளைந்தது. கால் பேடில் பட்டது. மேனேஜரும் சுற்றி நின்றவர்களும் கையைத் தூக்கிக்கொண்டு கத்தினார்கள். அந்தப் பாழாய்ப்போன அம்பயர் விரலைத் தூக்கிவிட்டான்.

ரிவ்யூ கேட்கலாம் என்று அமுக்கு அமுக்கென்று அமுக்கினேன். பாக்கி இல்லையாம். பச்சைக் குழந்தைக்கும் அவுட் என்று தெரிகிற பஸ் டிரைவருக்கும் வாட்ச்மேனுக்கும் பரிந்துகொண்டு எல்லாவற்றையும் முன்னாலேயே தீர்த்துவிட்டிருக்கிறீர்கள். உங்களுக்கென்று ஒன்று வைத்துக்கொள்ள வேண்டாமா? வீட்டிலும் இதே கதைதானே.

ஹெல்மெட்டைக் கழற்றினீர்கள். மட்டையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நடந்தீர்கள். நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். திரை இருண்டு தோல்வி என்று வந்தது. அது போவதற்குள் ஒரு மெத்தைக் கம்பெனி விளம்பரம், பாதி விலையாம், மூட வழியில்லாமல் முழுசாக ஓடியது.

ரீப்ளே என்று ஒன்று இருக்கிறது. அதைப் போட்டுப் பார்த்தேன். திரும்பத் திரும்பப் பார்த்தேன். ஆபீஸ் மீட்டிங்கில் இருந்த கார்த்தியை வெளியே வரவழைத்து, அந்தப் பந்து லெக் ஸ்டம்பைத் தொடாமல் போயிருக்கும் என்று சொன்னேன். வீடியோவை அனுப்பச் சொன்னான். பார்த்துவிட்டு அவனே கூப்பிட்டான்.

"அப்பா ஆடியிருந்தாலும் இதுக்கு அவுட்தான் மா" என்றான்.

அவனுக்கு என்ன தெரியும்? அதற்கப்புறம் மாதக் கடைசி வந்தது, புது வெர்ஷனும் வந்தது. உங்கள் ஸ்கோர் அதில் இருக்கிறது. அறுபத்தொன்பது. நான் சேர்த்தது எட்டு. பக்கத்தில் நட்சத்திரம் இல்லை, எல்பிடபிள்யூ என்று போட்டு மேனேஜர் பெயரை எழுதியிருக்கிறார்கள். போடட்டும். முருகேசனிடம் சொன்னேன். காக்குவைக் கூப்பிட்டு எனக்குத் தெரிந்த மராட்டியில் விளக்கினேன். கோயிலில் பார்க்கிற நம் ஊர்க்காரர்கள், எப்படி இருக்கிறீர்கள் என்று தலையைச் சாய்த்து விசாரித்தால் அவர்களிடமும் சொல்கிறேன். யார் கேட்டாலும் கேட்காவிட்டாலும், என் மூச்சு இருக்கிறவரை சொல்வேன். நான் பக்கத்திலிருந்து பார்த்தேன். அது அவுட்டே இல்லை.