அண்ணியிடம் ஒரு வார்த்தை

அன்பும் மரியாதையும் கொண்ட அண்ணாவுக்குத் தம்பி எழுதுவது.

வீட்டில் எல்லாரும் சுகம். அம்மாவின் முழங்கால் வலி புதுத் தைலத்துக்குக் கொஞ்சம் அடங்கியிருக்கிறது. குளியலறைக் குழாய் மறுபடியும் ஒழுகுகிறது. பிரித்துப் பிரித்து மாட்டிப் பார்க்கிறேன். கண்ணாடிக் கடையில் வேலை பார்க்கும் என் கைக்கு மூக்குக் கண்ணாடிதான் அடங்கும் போலிருக்கிறது. என் மனைவி சின்னவளுக்கு ஓட்டுநர் பயிற்சிப் பள்ளியில் வேலை நெருக்குகிறது. கார் ஓட்டப் பழக வரும் பெண்களெல்லாம் அவளிடம்தான் பழகுவோம் என்று அடம்பிடிக்கிறார்களாம். வீட்டில் எனக்கும் அதே கதிதான், பிரேக் அவள் காலடியில்.

போனிலேயே பேசலாமே, ஏன் கடிதம் என்று நினைப்பீர்கள். போன் வந்தால் அம்மா பக்கத்தை விட்டு நகர்வதில்லை. நீங்களும் பேச்சு பிடிக்காவிட்டால் துறைமுகக் கிரேன் மேலே இருக்கிறேன், இறங்கிக் கூப்பிடுகிறேன் என்பீர்கள். கடிதத்தைக் கிழிப்பதென்றாலும் ஒரு தடவை படித்துவிட்டுத்தானே கிழிப்பீர்கள்.

குழந்தை உண்டாகவில்லையே என்று நாங்கள் இருவரும் டாக்டரைப் பார்த்தோம். சின்னவளுக்கு ஒரு குறையும் இல்லை. குறை எனக்கு. எழுதிவிட்டேன். எழுதிவிட்டு எழுந்து போய் ஜன்னலைத் திறந்தேன், மூடினேன், மறுபடியும் வந்து உட்கார்ந்திருக்கிறேன்.

என் விந்தணு எண்ணிக்கையில் குறைவில்லையாம். ஓட்டத்திலும் பெரிய குறையில்லையாம். ஆனால் ஒவ்வொன்றின் தலையும் உருண்டையாக இருக்கிறதாம். தலை நீள்வட்டமாக, முனையில் தொப்பி போட்டதுபோல இருக்க வேண்டுமாம். அந்தத் தொப்பிக்குள் இருக்கும் சத்துதான் கருமுட்டையின் மேல் உறையைக் கரைத்து வழி உண்டாக்குமாம். எனக்கு அந்தத் தொப்பியே உருவாகவில்லை. போகும், முட்டும், உள்ளே நுழையாது. லேபில் இருந்த பெண் திரையில் காட்டினாள். நாளெல்லாம் கண்ணாடிக்கு வட்டமும் நீள்வட்டமும் வெட்டுகிறவன் நான். இத்தனை ஒழுங்கான வட்டங்களைப் பார்த்து நான் முகத்தைத் திருப்பிக்கொண்டது அன்றைக்குத்தான்.

மிக அபூர்வமான கோளாறு, பிறவியிலேயே வருவது என்றார் டாக்டர். சிகரெட்டாலா, கடையில் நாள் முழுதும் மெஷின் சூட்டில் நிற்பதாலா என்று கேட்டேன். அதெல்லாம் இல்லை என்றார். உங்கள் அப்பா அம்மா சொந்தமா என்று விசாரித்தார். மாமன் மகள், அத்தை மகன் என்றேன். இருவரிடமும் வெளியே தெரியாமல் ஒளிந்திருக்கும் ஒரு பழுது, இரண்டு பக்கமிருந்தும் சேர்ந்து வந்தால் மகனிடம் வெளிப்படும் என்று விளக்கினார். கூடப் பிறந்த ஆண்கள் உண்டா என்றார். ஒரே அண்ணன் என்றேன். அவருக்குக் குழந்தைகள் எத்தனை என்றார். இல்லை என்றேன். எழுதிக்கொண்டிருந்தவர் பேனாவை மூடிவிட்டு என் முகத்தைப் பார்த்தார்.

அண்ணா, உங்களுக்கும் வந்தே இருக்கும் என்று அவர் சொல்லவில்லை. வந்திருக்கலாம், பார்த்துவிடுவது நல்லது என்றுதான் சொன்னார்.

நீங்கள் துறைமுக வேலைக்குப் போனது போன வருஷம்தான். அதற்கு முன் ஏழு வருஷம் அண்ணியும் நீங்களும் இதே வீட்டில்தான் இருந்தீர்கள். எத்தனை மாத்திரை, எத்தனை ஊசி, வயிற்றைத் துளைத்து ஒரு பரிசோதனை. எல்லா டாக்டரும் அண்ணிக்கு ஒன்றுமில்லை என்றுதான் சொன்னார்கள். ஒன்றுமில்லை என்றால் டாக்டருக்குக் கூடப் பிடிபடாத ஏதோ ஒன்று அவருக்கு இருக்கிறது என்று நாம் அர்த்தம் செய்துகொண்டோம். உங்களைப் பரிசோதிக்க ஒருவர் சொன்னபோது நீங்கள் அந்த டாக்டரையே மாற்றிவிட்டீர்கள்.

இப்போது அண்ணியை விலக்கிவிட்டு வேறு பெண் பார்க்கச் சொல்லியிருக்கிறீர்கள். அம்மா தரகரைக் கூப்பிட்டுப் பேசிவிட்டாள். அண்ணி எதுவும் சொல்லாமல் பேக்கரி வேலைக்குப் போய் வருகிறார். வீட்டுக்குள் நடக்கும்போது அவர் கால் சத்தமே கேட்பதில்லை. எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. முதலில் பரிசோதனை செய்துகொள்ளுங்கள், அண்ணா. பிறகு எது வேண்டுமானாலும் பேசுவோம்.

உங்கள் பதிலுக்காகக் காத்திருக்கும்,
தம்பி.

---

அண்ணாவுக்கு வணக்கம்.

கடிதம் கிடைத்ததும் நீங்கள் போனில் பேசிய பேச்சை நான் யாரிடமும் சொல்லவில்லை. என் குறையை உங்கள் தலையில் கட்டப் பார்க்கிறேன் என்றீர்கள். தம்பி என்று இனிமேல் கூப்பிட மாட்டேன் என்றீர்கள். கோபம் தீரட்டும் என்று காத்திருந்தேன். அதற்குள் பெண் வீட்டில் நாள் குறிக்கும் அளவுக்கு வந்துவிட்டார்கள் என்று அம்மா சந்தோஷமாகச் சொன்னாள். எனக்குச் சோறு இறங்கவில்லை. கடையில் ஒரு வாரத்துக்குள் எத்தனையோ கண்ணாடிகளை விளிம்பு தெறிக்க வெட்டிவிட்டேன். முதலாளி என்னை மெஷினிலிருந்து இறக்கி, வருகிறவர்களுக்குப் பிரேம் எடுத்துக் காட்டும் வேலையில் நிறுத்தியிருக்கிறார்.

நான் செய்ததை வேறு யாராவது சொல்லி நீங்கள் கேட்பதற்கு முன் நானே சொல்லிவிடுகிறேன். பெண் வீட்டுக்குப் போனேன். நான் தனியாகப் போயிருக்க மாட்டேன். சின்னவள்தான் பள்ளிக் காரை எடுத்து வந்து வாசலில் நிறுத்தி, ஏறச் சொன்னாள். தெருமுனை வரை போய்த் திரும்பிவிடலாம் என்றேன். அவள் வண்டியைத் திருப்பவில்லை.

பெண்ணின் அப்பா கடிகாரம் பழுது பார்க்கிறவர். மாப்பிள்ளையின் தம்பி என்றதும் நாற்காலியைத் துடைத்துப் போட்டார். அந்த மரியாதை என்னைக் குத்தியது. எனக்கு இப்படி ஒரு கோளாறு, பிறவியிலேயே வந்தது, அண்ணனுக்கும் இருக்கலாம், அவர் இன்னும் பார்த்துக்கொள்ளவில்லை என்று ஒரே மூச்சில் சொல்லி முடித்தேன். உங்களைப் பற்றி ஒரு தவறான வார்த்தை சொல்லவில்லை. மனிதர் என்ன செய்வதென்று தெரியாமல் கையில் இருந்த கடிகாரத்துக்குச் சாவி கொடுத்துக்கொண்டே இருந்தார்.

அந்தப் பெண் உள்ளே இருந்து வந்து நின்றாள். நிதானமாகக் கேட்டாள்.

"இதை உங்க அண்ணன்கிட்ட சொல்லிட்டீங்களா?"

சொல்லிவிட்டேன் என்றேன்.

"பார்த்துக்கறேன்னு சொன்னாரா?"

இல்லை என்றேன். அவள் அப்பாவைப் பார்த்து வேண்டாம் என்று தலையசைத்தாள். பிறகு என்னிடம், "அந்த அக்காவுக்கு இது தெரியுமா?" என்றாள்.

தெரியாது அண்ணா. அண்ணி படுகிற பாட்டுக்காகத்தான் இவ்வளவு தூரம் போனேன். அவரிடம் மட்டும் சொல்லவில்லை. முன்பின் தெரியாத ஒரு பெண் கேட்ட பிறகுதான் அது எனக்கு உறைத்தது.

வீட்டுக்கு வந்ததும் சின்னவள் அண்ணியைக் கூப்பிட்டு உட்காரவைத்துச் சொன்னாள். அண்ணி அழவில்லை. தலை உருண்டை என்றால் எப்படி என்று கேட்டார். சின்னவள் விரலால் மேஜையில் வரைந்து காட்டினாள். அண்ணி அந்த இடத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு தன் அலமாரியைத் திறந்து, ஏழு வருஷத்து மாத்திரை, சூரணம், லேகியம் எல்லாவற்றையும் ஒரு பையில் கொட்டிக் குப்பை வண்டியில் போட்டுவிட்டு வந்தார். சாயங்காலமே பேக்கரிக்கு மேலே உள்ள அறைக்குப் போய்விட்டார். படி இறங்கும்போது என்னிடம் சொன்னது இது ஒன்றுதான்:

"உங்க அண்ணன் கேக்கிற இடத்துல கையெழுத்துப் போட்டுத் தரேன். ஆனா எனக்கு ஒண்ணுமில்லன்னு அவர் வாயால, அத்தை முன்னாடி சொல்லணும். அவ்வளவுதான்."

அம்மா என்னோடு பேசுவதில்லை. தட்டை ஓசையோடு வைத்துவிட்டுப் போகிறாள். என் பிள்ளைகளுக்குக் குறை கிடையாது என்று சுவரைப் பார்த்துச் சொல்கிறாள். தரகர் மூலம் விஷயம் தெரு முழுவதும் பரவிவிட்டது. கண்ணாடி வாங்க வருகிறவர்கள் பிரேமைப் பார்க்காமல் என்னையே பார்க்கிறார்கள். பார்க்கட்டும். ஆனால் ராத்திரி படுத்தால் உங்கள் முகம் வருகிறது. நான் செய்தது சரி என்று அதனிடம் வாதாடிக்கொண்டே புரள்கிறேன்.

என்னைத் திட்டுவதற்காவது கூப்பிடுங்கள்.

தம்பி.

---

என் அண்ணாவுக்கு,

நேற்று நீங்கள் கடை நம்பருக்குக் கூப்பிட்டபோது முதலாளிதான் எடுத்தார். யாரோ மூச்சு விடுகிறார்கள், பேச மாட்டேன் என்கிறார்கள், உனக்காகத்தான் இருக்கும் என்று என்னிடம் கொடுத்தார். நீங்கள் என்று உடனே தெரிந்துவிட்டது. பின்னால் சங்கிலி இழுபடும் ஓசை, யாரோ கத்துவது எல்லாம் கேட்டது. அப்புறம் உங்கள் குரல்.

"எல்லாம் உருண்டைதானாம்டா."

அவ்வளவுதான். வைத்துவிட்டீர்கள். நான் திரும்பக் கூப்பிட்டேன். நீங்கள் எடுக்கவில்லை. அதனால்தான் மறுபடி கடிதம்.

அண்ணா, நான் நினைத்தது சரியாகப் போயிற்று என்று துளி சந்தோஷம்கூட எனக்கு இல்லை. இல்லாமல் இருக்க வேண்டும் என்றுதான் உள்ளுக்குள் வேண்டிக்கொண்டிருந்தேன். பரிசோதனைக்கு நீங்கள் தனியாகப் போய், அந்த இருக்கையில் தனியாகக் காத்திருந்து, தனியாகக் கேட்டிருக்கிறீர்கள். எனக்கு அப்போது சின்னவள் கையைப் பிடித்துக்கொண்டிருந்தாள். உங்களுக்கு யார் இருந்தார்கள் என்று நினைக்க நினைக்க உட்கார முடியவில்லை. கடையிலிருந்து வீடுவரை பஸ் ஏறாமல் நடந்தே வந்தேன்.

அம்மாவிடம் நான்தான் சொன்னேன். கோபித்துக்கொள்ளாதீர்கள். அரிசி களைந்துகொண்டிருந்தாள். கையைத் தண்ணீரிலிருந்து எடுக்காமலே கேட்டுக்கொண்டிருந்தாள். இரண்டு பேருக்குமா என்றாள். ஆமாம் என்றேன். அரிசியை இன்னொரு தடவை களைந்துவிட்டு, "வலிக்குமாடா?" என்றாள். எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது. வலிக்காதும்மா என்றேன். எனக்கு வலிக்காதா என்று கேட்பதுபோல என்னை ஒரு பார்வை பார்த்தாள்.

இன்று காலையில் யாரிடமும் சொல்லாமல் பேக்கரிக்குப் போயிருக்கிறாள். வரிசையில் நின்று, முறை வந்ததும் அண்ணியிடம் ஒரு ரொட்டி வாங்கிக்கொண்டு, வாயைத் திறக்காமல் திரும்பிவிட்டாள். மத்தியானம் மறுபடி போனாள், மறுபடி ஒரு ரொட்டி. சாயங்காலமும் அதே கதை. அண்ணி மற்ற வாடிக்கையாளருக்குச் செய்வதுபோலவே காகிதத்தில் சுற்றிக் கொடுத்து, சில்லறையை எண்ணி வைத்தாராம். வீட்டில் ரொட்டி தின்ன ஆளில்லை. நாளைக்கும் போவாள் என்றுதான் தோன்றுகிறது. சொல்ல வேண்டியது அம்மாவின் தொண்டை வரை வந்துவிட்டது, நாக்குக்கு வரவில்லை.

எங்கள் விஷயத்தையும் சொல்லிவிடுகிறேன். ஒரு விந்தணுவை ஊசியால் நேராகக் கருமுட்டைக்குள் செலுத்தும் சிகிச்சை இருக்கிறது. நம்மைப் போன்றவர்களுக்கு அது மட்டும் போதாதாம். முட்டையை எழுப்பிவிட ஒரு மருந்தும் சேர்க்க வேண்டுமாம். சிலருக்குப் பலித்திருக்கிறது. எங்களுக்கு முதல் தடவை பலிக்கவில்லை. சின்னவள் ஒரு நாள் லீவு போட்டுப் படுத்திருந்தாள், மறுநாள் காரை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். இன்னொரு தடவை பார்க்கலாம், அதோடு நிறுத்தலாம், நிறுத்தினாலும் நாம் நாம்தான் என்று சொல்லியிருக்கிறாள். நானும் சரி என்றேன்.

அண்ணியை நேற்று பார்த்தேன். உங்கள் பரிசோதனை முடிவைச் சொல்ல நான் வாயெடுத்ததும் கையைக் காட்டி நிறுத்திவிட்டார். நீங்க சொல்லாதீங்க என்றார். சொல்ல வேண்டியவர் சொல்லட்டும் என்று அர்த்தம். அவர் திரும்பி வருவார் என்று என்னால் வாக்குக் கொடுக்க முடியாது. அறையில் தனக்கென்று ஒரு சின்ன மேஜை வாங்கிப் போட்டிருக்கிறார். அவர் முகத்தில் ஒரு தெளிவு இருக்கிறது. அதைப் பார்த்தால் சந்தோஷமாகவும் இருக்கிறது, உங்களை நினைத்துப் பயமாகவும் இருக்கிறது.

ஆனாலும் வாருங்கள். அவரைக் கூட்டி வருவதற்காக வேண்டாம். மன்னிப்புக் கிடைக்கும் என்று எண்ணியும் வேண்டாம். அம்மாவையும் கூட்டிக்கொண்டு அவர் முன்னால் போய் நின்று, அவருக்கு ஒன்றுமில்லை என்ற அந்த ஒரு வார்த்தையைச் சொல்வதற்காக மட்டும் வாருங்கள். நீங்கள் சொல்லும்போது நான் உங்கள் பக்கத்தில் நிற்கிறேன். இது எனக்கும் உள்ளதுதானே.

உங்களை வாழ்த்தும் வயது எனக்கு இல்லை. என்னைத் தம்பி என்று இனிமேல் கூப்பிட மாட்டேன் என்று நீங்கள் சொன்னது நினைவிருக்கிறது. அதனால் அந்த வார்த்தையை நானே போட்டுக்கொள்கிறேன். கிரேன் ஏணியில் ஏறும்போதும் இறங்கும்போதும் இரண்டு கையாலும் பிடித்துக்கொள்ளுங்கள், அண்ணா. மனசு எங்கேயாவது போய்விடும். கவனம்.

உங்கள் தம்பி.