மூன்றாம் ஓலை

1943 மே 4, செவ்வாய்

இன்றும் மரவள்ளிக் கிழங்குதான். அதை மட்டும் எழுதிவிட்டுப் படுக்கலாம் என்றிருந்தேன்.

காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டில் ஜப்பான் அதிகாரி எல்லார் முன்னாலும் என் வீட்டுக்காரரை அறைந்தானாம். குனிந்தது போதவில்லையாம். வெள்ளைக்காரத் துரை ஓடிப்போன பிறகு எஸ்டேட்டே கணக்கெழுதும் கிராணியான இவர் கையில்தான். அந்தக் கையால் அவர் நாகப்பன் கங்காணியை அறைந்தார். கங்காணி ஓர் ஆளை அறைந்தான். அந்த ஆள் தொழிலாளர் லயத்துக்குப் போய்ப் பெண்டாட்டியை அடித்த சத்தம் எங்கள் வீடு வரை கேட்டது. அறை மேலிருந்து கீழே வரிசை தப்பாமல் வருகிறது.

சாயங்காலம் என் முறை. தேத்தண்ணியில் சர்க்கரை இல்லை என்று கை ஓங்கினார். சர்க்கரையைக் கண்ணால் கண்டே எத்தனை மாதம்! டொனால்ட் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டான். "போதும் அத்தான்" என்றான், அவ்வளவுதான். என் தம்பிக்குப் பத்தொன்பது வயது; தேயிலை மூட்டை தூக்கிய கை. அவரால் உருவ முடியவில்லை. பிறகு சிரித்தார். "தம்பி ஆம்பளையாயிட்டான்லா" என்று அவன் முதுகில் தட்டினார். அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை.

மே 5

அவர் உப்பு கொண்டுவந்தார். ஒரு சிறங்கை இருக்கும். மன்னிப்புக் கேட்கத் தெரியாதவர் இப்படித்தான் கேட்பார் என்று எடுத்துக்கொண்டேன்.

மே 6

சயாமில் ரயில் ரோடு போட ஆள் பிடிக்கிறார்கள். ரிங்லெட் பக்கம் ஒரு லோரி நிறைய ஏற்றிவிட்டார்களாம். கல்யாணமாகாத பையன்கள்தான் முதலில். எனக்குச் சோறு இறங்கவில்லை. அப்பா அம்மா போன பிறகு எனக்கென்று இருப்பது தம்பி ஒருவன்.

அவரே சொன்னார்: "டொனால்டுக்குக் கல்யாணத்தை முடிச்சிடு. பொண்டாட்டி உள்ளவனை அனுப்ப மாட்டாங்க. நான் பாத்துக்கிறேன்." பார்பராவைக் கேட்கலாம் என்றதும் அவரே. எதிர்வீட்டுப் பெண், டொனால்டைப் பார்த்தால் குடம் நிறைந்து வழிவதுகூடத் தெரியாமல் நிற்பவள். நான் அவர் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன். இரண்டு நாள் முன்பு ஓங்கிய அதே கை.

மே 7

கோயில் உபதேசியார் அகஸ்டின் வந்தார். பங்குச் சாமியார் அடிவாரத்துத் தாப்பாவிலிருந்து மேலே வர வழியில்லை, இந்தக் காலத்தில் இரண்டு சாட்சி போதும், நாளைக்கே முடித்துவிடலாம் என்றார்.

என் வீட்டுக்காரர்தான் ஒப்பவில்லை. மூன்று ஞாயிறு கோயிலில் கல்யாண அறிவிப்பு ஓலை வாசிக்காமல் கட்டிவைத்தால், பெண்ணுக்கு ஏதோ ஆகிவிட்டது, அதுதான் அவசரம் என்று லயம் முழுக்கப் பேசும் என்றார். "லோரி இங்கே வர இன்னும் ரெண்டு மாசம் ஆகும், ரீட்டா. முறையா செய்யலாம்." சரியாகத்தானே சொல்கிறார்? பார்பராவின் அம்மாவுக்கும் அதுதான் பிடித்தது. உபதேசியார் தயங்கினார். நானே அடம்பிடித்து ஓலை எழுதிக் கொடுத்தேன்.

மே 9, ஞாயிறு

முதல் ஓலை. "இந்தக் கல்யாணத்துக்குத் தடை ஏதும் அறிந்தவர்கள் சொல்லக் கடமைப்பட்டிருக்கிறார்கள்" என்று உபதேசியார் வாசித்துவிட்டு நிறுத்தினார். ஒரு குழந்தை இருமியது. என் வீட்டுக்காரர் முன்பெஞ்சில் கைகட்டி உட்கார்ந்திருந்தார்.

மே 16, ஞாயிறு

இரண்டாம் ஓலையும் ஆயிற்று. என் வீட்டுக்காரர் தன் கல்யாணக் கோட்டுச் சட்டையை டொனால்டுக்குக் கொடுத்தார். கை நீளம். மடித்துத் தைக்க வேண்டும்.

மே 20, வியாழன்

லோரி வந்துவிட்டது.

விடியற்காலை. பெரட்டில் நின்றவர்களைப் பிரித்து நிறுத்தினார்கள். நான் ஓடினேன். அவர் காலைப் பிடித்தேன். அவர் என்னைப் பார்க்கவே இல்லை, டொனால்டிடம் பேசினார். "நீ ஏறலைன்னா முனியாண்டி ஏறணும். அவனுக்கு நாலு பிள்ளை. அக்கா முந்தானையில ஒளிஞ்சிக்கிறதா இருந்தா ஒளிஞ்சிக்க. ஆம்பளையா நீயே முடிவு பண்ணு."

அவனே ஏறினான். யாரும் தள்ளவில்லை. தள்ளியிருந்தால் நான் கட்டிப்பிடித்திருப்பேன். "அக்கா, கோட்டை மடிச்சு வை, வந்து போட்டுக்கிறேன்" என்றான்.

அடுத்த லோரியில் முனியாண்டியையும் ஏற்றினார்கள். ஐயோ, என்ன மனுஷன் இவர்.

மே 23, ஞாயிறு

உபதேசியார் மூன்றாம் ஓலையை வாசிக்கவில்லை. பார்பரா முக்காட்டைச் சரிசெய்துகொண்டே இருந்தாள்.

ஆகஸ்ட் 15

மாதா திருநாள். கோயில் வழியில் நாகப்பன் கங்காணி என்னை நிறுத்தினார். சுற்றுமுற்றும் பார்த்துக்கொண்டு மெதுவாகச் சொன்னார்: "லோரி வர்ற தேதி கிராணி ஐயாவுக்கு அந்த மாசப் பொறப்புலயே தெரியும்மா. ஒங்க தம்பியை எடுத்துக்கச் சொன்னதும் அவருதான். எனக்கும் பிள்ளை குட்டி இருக்கு, அதான் வாயத் திறக்கல."

வீட்டில் கேட்டேன். அவர் மறுக்கவில்லை, கோபப்படவும் இல்லை. "ஓலை வாசிச்சே ஆகணும்னு அடம்புடிச்சது யாரு? உபதேசியாரு நாளைக்கே முடிக்கலாம்னு சொன்னாரா இல்லையா?" என்று கேட்டுவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தார்.

பிள்ளையையும் கிள்ளிவிட்டுத் தொட்டிலையும் ஆட்டுவார்கள் என்பார்கள். இவர் கிள்ளிய கையும் என்னுடையது என்கிறார். அடம்பிடித்தது நான்தானே? நான்தானே?

1944 பிப்ரவரி 2

அவர் வீட்டுக்குள் வரும்போது நான் குனிய வேண்டும். பழகினால்தான் வெளியே அடி விழாது, என் நன்மைக்குத்தான் என்கிறார். இடுப்பு வரை. கை தொடையை ஒட்டி.

ஜூன் 11

கொழுந்து பறிக்க ஆளில்லாமல் தேயிலை மரமாக வளர்ந்து நிற்கிறது. உள்ளே போனால் வழி தெரியவில்லை. செத்துப்போகலாம் என்று போனேன். குளிர்ந்தது, திரும்பிவிட்டேன்.

1945 செப்டம்பர் 12

ஜப்பான் தோற்றுப்போனான். ஜப்பானை எதிர்த்துச் சண்டை போட்ட, மூன்று நட்சத்திரம் வைத்த தொப்பிக்காரர்கள் காட்டிலிருந்து இறங்கினார்கள். பெரட்டுக் களத்தில் அவரை முட்டிபோட வைத்து, "ஹரோல்ட் கிராணிக்காகப் பேச யாராவது உண்டா?" என்று கேட்டார்கள். ஒருவரும் அசையவில்லை. கோயிலில் ஓலை வாசித்தபோது இருந்த அதே அமைதி.

இப்படி ஆகும் என்று அவருக்கு முன்பே தெரியும். நேற்றே சொல்லிவைத்திருந்தார்: "டொனால்ட் உயிரோட இருக்கான். எந்த கேம்ப்னு எனக்கு மட்டுந்தான் தெரியும். நான் போயிட்டா அவனை யாரு தேடிக் கூட்டியார்றது?"

நான் எழுந்தேன். நல்லவர், எங்களைக் காப்பாற்றியவர், கட்டாயத்தால் செய்தார் என்றேன். லயத்துப் பெண்கள் என்னைப் பார்த்த பார்வையை எழுத மாட்டேன். அவரை விட்டுவிட்டார்கள்.

நவம்பர் 18

முனியாண்டி வந்திருக்கிறான். எலும்பும் தோலும். ஒரு கால் இல்லை.

டொனால்ட் போன அந்த மழைக்காலத்திலேயே வாந்திபேதியில் செத்துப்போனானாம். குழியில் மண் தள்ளியது முனியாண்டிதான். "ஓடிவந்த ஒருத்தன்கிட்ட போன வருஷமே கிராணிக்குச் சொல்லி அனுப்புனேனேம்மா. அவரு சொல்லலியா?"

சொல்லவில்லை, முனியாண்டி.

நவம்பர் 25, ஞாயிறு

டொனால்டுக்குப் பூசை. ஹரோல்ட் முன்பெஞ்சில் தேம்பித் தேம்பி அழுதான். எல்லாரும் அவன் தோளைத்தான் தடவினார்கள். பூசை முடிந்து நான் வீட்டுக்குப் போகவில்லை.

1946 ஜனவரி 26

இப்போது திரிங்காப்பில் இருக்கிறேன். சீனர் ஒருவரின் தோட்டத்தில் நானும் பார்பராவும் முட்டைக்கோசு வெட்டுகிறோம். அவளை வேறு இடத்தில் கட்டிக்கொடுக்க உபதேசியார் இரண்டு முறை வந்துவிட்டார். "எனக்கு இன்னும் ஒரு ஓலை பாக்கி இருக்கு" என்று அனுப்பிவிட்டாள். அந்தக் கோட்டு அவளிடம்தான் இருக்கிறது. குளிருக்குக்கூடப் போட்டுக்கொள்வதில்லை.

இன்று காலை ஹரோல்ட் வந்தான். துரை திரும்பிவிட்டாராம், கிராணி வேலை மறுபடி கிடைத்துவிட்டதாம், பங்களா வாசலில் செருப்பைக் கழற்றி விட்டுத்தான் பேச வேண்டுமாம். அதைச் சொல்லும்போது கண் கலங்கினான். ஒரு பொட்டலம் உப்பு நீட்டினான். "போனது போகட்டும், வீட்டுக்கு வா ரீட்டா. ஒனக்கு என்னை விட்டா யாரு இருக்கா?"

நான் வாங்கவில்லை. போகவும் இல்லை. அவன் ஏற்றத்தில் மறையும் வரை கத்தியைக் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றேன். இத்தனை நாளில் ஒன்றாவது சரியாகச் செய்தோம் என்று நினைத்துக்கொண்டு பார்பரா பக்கம் திரும்பினேன்.

அவள் அழுதுகொண்டிருந்தாள். ஏன் என்று கேட்டேன்.

"அவரு வந்ததும் நீங்க குனிஞ்சீங்கக்கா" என்றாள்.

எனக்குத் தெரியவே இல்லை.