வலையை அறுத்த கை

ஆடி 4, திங்கள்
விடிந்ததிலிருந்து மேற்குக் காற்று, சாரல். நடவு இல்லை. வலை முடிந்துகொண்டிருந்தேன். யுத்தத்தில் நூல் கிடைப்பதே பெரும்பாடு. ஊரிலிருந்து தம்பி கருவாட்டு வியாபாரியிடம் சொல்லி அனுப்பியிருக்கிறான்: புது வள்ளம் இறங்குகிறது, வலையோடு வந்தால் எனக்கும் இடம். போன வருஷப் புயல் என் படகையும் மச்சான் சவரியையும் கொண்டுபோனதிலிருந்து உத்தமபாளையத்தில் வயல் கூலி. போதும்.
மனைவி மேரியிடம் சொன்னேன். "சரி" என்றாள். அண்ணன் சவரி நினைப்பு வந்திருக்கும். உப்பு தீர்ந்துவிட்டது.

ஆடி 6
வலையில் ஒரு முழம் அறுந்து கிடக்கிறது. எலி என்றால் பிசிறு இருக்கும். இது கத்தி.
பக்கத்து வீட்டு வெள்ளைச்சாமியாகத்தான் இருக்கும். அவர் வயலுக்கு ஆள் பற்றாக்குறை. நேற்றுக்கூட, "என்னப்பா, அறுப்பு வரைக்கும் இங்கனதான இருப்ப?" எதற்கு அந்தக் கேள்வி?

ஆடி 7
மறுபடி. இப்போது நடு வலை. அவர் இடுப்பில் அரிவாள் பார்த்தேன். எல்லோர் இடுப்பிலும் இருக்கிறது. இருந்தாலும்.
அவர் வீட்டிலிருந்து கேப்பைக்கூழ் வந்தது. நான் தொடவில்லை. பல்வலி வேறு.

ஆடி 9
வாய்க்கால் கரையில் எல்லோர் முன்னும் கேட்டுவிட்டேன். "என் வலைய அறுத்தது நீங்கதான?"
கால் கழுவிக்கொண்டிருந்தவர் நிமிர்ந்து பார்த்தார். "அப்படி நெனச்சா நெனச்சுக்கப்பா."
மறுக்கவில்லை. அவரேதான்.
பின்னால் யாரோ: "பொழைக்க வந்தவனுக்கு வாயப் பாரு."

ஆடி 10
மண்வெட்டியை மறந்து பாதி வழியில் திரும்பினேன். மேரி வலைக்கு நடுவே உட்கார்ந்திருந்தாள். கையில் மீன் அரியும் கத்தி. ஒளிக்கவில்லை.
"எங்கண்ணன் போனது போதும். ஒங்களையும் கரையில நின்னு தேட என்னால ஆகாது."
"வாயத் தொறந்து சொல்லியிருக்கலாமே."
"சொன்னா கேட்டிருப்பியளா?"
கேட்டிருக்க மாட்டேன். வலையைப் பார்த்தால் கோபம் வந்தது. அவளைப் பார்த்தால் வரவில்லை. வேலைக்குப் போகவில்லை.

ஆடி 11
காற்று குறைவு. வெள்ளைச்சாமி வீட்டு வாசலில் போய் நின்றேன். "தப்பாப் பேசிட்டேண்ணே."
"தெரியும்ப்பா. அந்தப் புள்ள அறுத்தத எங்க ஆத்தா அன்னைக்கே பாத்துட்டாக."
"பெறகு ஏன் அத்தன பேருக்கு முன்னால சும்மா நின்னிய?"
"புருசன் பொண்டாட்டிக்குள்ள நான் எதுக்கு? உள்ள வா."
மத்தியானம் வியாபாரி வந்தான். என் இடத்தை வேறு ஆளுக்குக் கொடுக்கும்படி தம்பியிடம் சொல்லச் சொன்னேன். மேரி கதவைப் பிடித்தபடி கேட்டுக்கொண்டிருந்தாள். சவரிக்காக அவள் வாய்விட்டு அழுதது இன்றுதான்.