விசாரணைக்கு வந்தவரிடம் நான் சொன்னது

அன்பு மகனுக்கு அம்மா எழுதுவது. நானும் உன் தங்கையும் இங்கே இருக்கிறோம், உடம்புக்கு ஒன்றும் இல்லை. நீயும் மருமகளும் குழந்தையும் சௌக்கியமாக இருக்கவேண்டும், அதைத்தான் தினமும் வேண்டிக்கொள்கிறேன். போனில் கூப்பிட்டால் வேலையில் இருக்கிறாய், அதனால் எழுதுகிறேன், பொறுமையாகப் படி.

அப்பாவின் வேலையைத் தங்கைக்குக் கேட்டு மனு போட்டது உனக்குத் தெரியும். குடிநீர் மோட்டார் அறையில் ஷாக் அடித்துச் செத்த மனுஷனின் குடும்பத்துக்கு அந்த இலாகா செய்யவேண்டியது இது ஒன்றுதான், கருணை அடிப்படையில் வாரிசுக்கு ஒரு வேலை. கருணை என்று பேர்தான் பெரிசு. அலுவலக வராந்தாவில் ஒரு பெஞ்சு கிடக்கிறது, புருஷனைப் பறிகொடுத்தவர்கள் எல்லாம் அதில் வரிசையாக உட்கார்ந்திருப்போம். பக்கத்தில் இருப்பவள் பேரைக்கூடக் கேட்கமாட்டாள், உங்க வீட்டுக்காரருக்கு விபத்தா நெஞ்சுவலியா என்றுதான் முதலில் கேட்பாள். எனக்கும் பழகிவிட்டது, இப்போது புதிதாக வருகிறவர்களிடம் நானே அப்படித்தான் கேட்கிறேன்.

போன மாதம் விசாரணைக்கு ஒரு அதிகாரி வீட்டுக்கு வருவார் என்று சொல்லி அனுப்பினார்கள், குடும்பம் நிஜமாகவே கஷ்டத்தில் இருக்கிறதா என்று பார்ப்பதற்கு. என் புத்தியை என்ன சொல்ல, வீட்டுக்கு ஒரு ஆபீசர் வருகிறார் என்பது மட்டும்தான் மண்டையில் ஏறியது. தையல்கார அக்கா வீட்டிலிருந்து நல்ல நாற்காலிகளை வாங்கிப் போட்டேன், கதவுக்குப் புதுத் திரை, டீக்குப் பூப்போட்ட கோப்பை. ஏம்மா, அவரு என்ன விருந்துக்கா வர்றாரு என்று தங்கை தலையில் அடித்துக்கொண்டாள், நான்தான் கேட்கவில்லை. வந்தவர் நல்ல மாதிரி. டீயைக் குடித்தார், சுவரில் உன் போட்டோவைப் பார்த்தார், பையன் வெளிநாட்டிலயா, பணம் அனுப்புறாராம்மா என்றார். நான் என்ன சொல்வேன்? பெற்ற பிள்ளையை முன்பின் தெரியாதவர் முன்னால் விட்டுக்கொடுக்க வாய் வருமா? மாசம் தவறாம அனுப்புறான் சார், எங்களுக்கு ஒரு குறையும் வைக்கலை என்று சொல்லிவிட்டேன். சொல்லும்போது எனக்கே பெருமையாக இருந்தது. உள்ளே தங்கை பாத்திரத்தை நங்கென்று வைத்தாள்.

மனு தள்ளுபடி ஆகிவிட்டது. மகன் ஆதரவில் குடும்பம் வசதியாக இருக்கிறதாம். தங்கை அன்று முழுக்கச் சாப்பிடவில்லை. பிறகு ஒரே ஒரு வார்த்தை சொன்னாள், அவன் பேரைக் காப்பாத்துன, என்னைத் தொலைச்சுட்ட என்று. அவளுக்கு வயது வரம்பு இந்த வருஷத்தோடு முடிகிறது. துணிக்கடையில் நாள் பூராவும் நின்றுவிட்டுக் கால் வீங்கி வருகிறாள், அந்தச் சம்பளத்தில்தான் எங்கள் அடுப்பு எரிகிறது. அவள் முகத்தைப் பார்க்கவே எனக்குக் கூசுகிறது.

அப்பாவோடு வேலை பார்த்த சங்கத்துக்காரர், நாம் குறட்டை மாமா என்போமே, அவர்தான் மேல்முறையீட்டுக்கு வழி சொன்னார். அதற்கு நீ எழுதித் தரவேண்டும். அப்பா இறந்ததிலிருந்து தாய்க்கும் தங்கைக்கும் நான் எந்த உதவியும் செய்யவில்லை, இனியும் செய்யமாட்டேன் என்று எழுதி, அங்கே தூதரகத்தில் முத்திரை வாங்கி அனுப்பு. அந்த இனியும் என்பதை விட்டுவிடலாமா என்று கேட்டுப் பார்த்தேன், அது இருந்தாத்தான் மனு நிக்கும் என்கிறார். நீ அனுப்பாததில் எனக்குக் கோபமே இல்லை என்றால் அது பொய், இருந்தது. இப்போது அதற்கும் தெம்பில்லை. உனக்கும் அங்கே ஆயிரம் செலவு இருக்கும்.

குளிரில் காதை மூடிக்கொண்டு போ. வேலை எரிச்சலை மருமகளிடம் காட்டாதே. குழந்தைக்கு என் முத்தங்கள். எல்லோரும் நீண்ட ஆயுளோடு நன்றாக இருங்கள். காகிதம் மாதக் கடைசிக்குள் வந்து சேரவேண்டும், இதையாவது மறந்துவிடாதே. எழுதும்போது மனசு கஷ்டப்படாதே கண்ணா, பொய் சொன்னது நான்தான், நீ உள்ளதைத்தானே எழுதப்போகிறாய்.

உன் அம்மா